அழுகை முடியும் நாள்

2011 மார்ச் 11. ஜப்பானின் வடகிழக்குக் கடற்கரையில் சுனாமி புகுந்த நாள். இவாத்தே மாகாணத்தில் உள்ள காமாய்ஷி நகரத்தில் மட்டும் இறந்தவர்களும் காணாமல் போனவர்களுமாக ஆயிரம் பேருக்கு மேல். சேற்றிலிருந்து எடுத்து வந்த உடல்களை வைக்க இடமில்லாமல், மூடிக்கிடந்த ஒரு பள்ளியின் விளையாட்டுக் கூடத்தைத் திறந்து அங்கே வரிசையாகக் கிடத்தினார்கள். கடும் குளிர். மின்சாரம் இல்லை.

அந்தக் கூடத்துக்கு ஒரு முதியவர் தானாகவே வந்து சேர்ந்தார். ஒரு காலத்தில் ஈமச்சடங்கு நிறுவனத்தில் வேலை பார்த்தவர். ஒவ்வோர் உடலின் அருகிலும் மண்டியிட்டு உட்கார்ந்தார். விறைத்துப்போன கைகால்களைத் தேய்த்து நீவிவிட்டார். நீவும்போதெல்லாம் இறந்தவரோடு பேசிக்கொண்டே இருந்தார். பெயர் தெரிந்தால் பெயர் சொல்லி அழைத்தார். உயிரோடு இருக்கும் ஒருவரிடம் எப்படி அக்கறையாகப் பேசுவோமோ, அதே குரலில் பேசினார். ஊதுபத்தி ஏற்றி வைக்க ஓர் இடம் ஏற்பாடு செய்தார்.

அங்கே வேலை செய்த ஊழியர்களும் தன்னார்வலர்களும் முதலில் உறைந்துபோய் நின்றவர்கள். அவரைப் பார்த்துப் பார்த்து அவர்களும் மெல்லப் பேச ஆரம்பித்தார்கள். இந்தச் சம்பவங்களை இஷி கோத்தா என்ற எழுத்தாளர் நேரில் கேட்டறிந்து அதே ஆண்டில் புத்தகமாக எழுதினார். 2013-ல் அது திரைப்படமாகவும் வந்தது.

இறந்தவரோடு எதற்குப் பேச வேண்டும்? அவருக்குத்தான் கேட்காதே?

இந்தக் கேள்விக்கு ஜப்பானியர்கள் பல நூற்றாண்டுகளாகத் தங்கள் வீட்டுக்குள்ளேயே ஒரு பதில் வைத்திருக்கிறார்கள்.

மேஜைக்குக் கீழே இருந்த கைகள்

ஜப்பானியர்கள் வெளியில் அழ மாட்டார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. அதில் பாதி உண்மை இருக்கிறது. அடுத்தவர் முன்னால் கதறி அழுவது, தன் பாரத்தை அவர் தலையில் ஏற்றி வைப்பது போல என்று நினைக்கிற சமூகம் அது.

அகுதகாவா ரியூனொசுகே 1916-ல் எழுதிய 'கைக்குட்டை' என்ற சிறுகதை இதைத்தான் பேசுகிறது. ஒரு பேராசிரியரைப் பார்க்க அவருடைய மாணவனின் தாய் வருகிறார். மகன் இறந்துவிட்ட செய்தியைச் சொல்கிறார். குரல் நடுங்கவில்லை. உதட்டில் லேசான புன்னகைகூட இருக்கிறது. 'என்ன பெண் இவர்!' என்று பேராசிரியர் வியக்கிறார். கீழே விழுந்த விசிறியை எடுக்கக் குனியும்போதுதான் மேஜைக்கு அடியில் அந்தத் தாயின் கைகளைப் பார்க்கிறார். மடியில் இருந்த கைக்குட்டையை இரண்டு கைகளும் கிழித்துவிடுவது போல முறுக்கிக்கொண்டிருக்கின்றன. முகம் சிரிக்கிறது, உடம்பு முழுவதும் அழுகிறது.

இப்படி முகத்தில் காட்டாத துக்கம் எங்கே போகும்? ஜப்பானியச் சடங்குகளை உற்றுப் பார்த்தால், அது கைகளுக்குப் போகிறது என்று தெரியும். துக்க வீட்டில் கைகளுக்கு வேலை ஓய்வதே இல்லை.

தலைகீழாகும் வீடு

ஜப்பானில் பெரும்பாலான இறுதிச் சடங்குகள் பௌத்த முறைப்படி நடக்கின்றன. மதப் பிரிவுக்கு ஏற்பவும் ஊருக்கு ஏற்பவும் வழக்கங்கள் மாறும். ஆனாலும் பல வீடுகளில் நடப்பது ஏறக்குறைய இதுதான்.

உயிர் பிரிந்ததும் நெருங்கிய உறவினர் ஒவ்வொருவராக வந்து, பஞ்சைத் தண்ணீரில் நனைத்து இறந்தவரின் உதடுகளை ஈரமாக்குகிறார்கள். அது கடைசித் தண்ணீர். பிறகு உடலை வடக்கே தலை வைத்துக் கிடத்துகிறார்கள். புத்தர் பரிநிர்வாணம் அடைந்தபோது அப்படித்தான் படுத்திருந்தார் என்பது நம்பிக்கை.

தலைமாட்டில் கிண்ணம் நிறையச் சோற்றைக் குவித்து, அதன் நடுவில் சாப்பிடும் குச்சிகளை நட்டு வைக்கிறார்கள். அதனால்தான் சாதாரண நாளில் சோற்றில் குச்சியைக் குத்தி நிறுத்தினால், ஜப்பானில் எந்தத் தாயும் குழந்தையை அதட்டுவார்.

உடல் வெள்ளை உடைக்கு மாறுகிறது. உயிரோடு இருப்பவர்கள் கிமோனோவின் இடப்பக்கம் மேலே வரும்படி உடுத்துவார்கள். இறந்தவருக்கு வலப்பக்கம் மேலே வரும். குளிப்பாட்டும் நீரைக்கூட, வழக்கத்துக்கு மாறாகக் குளிர்ந்த நீரில் வெந்நீரை ஊற்றித்தான் கலப்பார்கள். அன்று எல்லாமே தலைகீழ். வீடு வழக்கம்போல இல்லை என்பதைச் சோறும் துணியும் தண்ணீருமே சொல்லிவிடுகின்றன. யாரும் வாய்விட்டுச் சொல்ல வேண்டியதில்லை.

இரவு முழுக்க விழித்திருப்பது அடுத்தது. மெழுகுவத்தியும் ஊதுபத்தியும் அணையாமல் வீட்டார் முறை வைத்துப் பார்த்துக்கொள்வார்கள். துக்கம் கேட்க வருபவர்கள் ஓர் உறையில் பணம் தருவார்கள். உறையின் மேல் பெயர் எழுதும் மை வெளிறியிருக்க வேண்டும். கண்ணீர் விழுந்து மை கரைந்துவிட்டது என்று பொருள். உள்ளே புத்தம் புதிய நோட்டுகளை வைக்க மாட்டார்கள். 'இந்தச் சாவை எதிர்பார்த்து முன்கூட்டியே நோட்டு மாற்றி வைத்திருந்தாயா?' என்று ஆகிவிடக் கூடாது. புதிய நோட்டு மட்டுமே கையில் இருந்தால், அதை மடித்துக் கோடு விழச் செய்துவிட்டுத்தான் வைப்பார்கள்.

யாரும் யாரையும் கட்டிப்பிடித்து அழவில்லை. ஆனால் வெளிறிய மையிலும் மடித்த நோட்டிலும் அவ்வளவு மனசும் இருக்கிறது.

காலில் தொடங்கித் தலையில் முடியும் வேலை

இன்றைய ஜப்பானில் நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது பேருக்கு மேல் தகனம்தான். தகனம் முடிந்ததும் குடும்பத்தார் எல்லோரும் சுற்றி நிற்க, எலும்புகள் இருக்கும் தட்டை வெளியே கொண்டு வருகிறார்கள். நீளமான குச்சிகளைக் கையில் கொடுக்கிறார்கள். இரண்டு பேர் சேர்ந்து ஓர் எலும்பை எடுத்துக் கலசத்தில் இட வேண்டும். இதற்குக் கொட்சுஆகே என்று பெயர்.

கால் எலும்பில் தொடங்கி மேலே போக வேண்டும். அப்போதுதான் கலசத்துக்குள் அவர் தலைகீழாக இல்லாமல், நிமிர்ந்து உட்கார்ந்திருப்பார். கழுத்திலுள்ள இரண்டாவது முதுகெலும்புத் துண்டைக் கடைசியாக, மிக நெருங்கியவர்கள் எடுப்பது வழக்கம். தியானத்தில் அமர்ந்த புத்தரைப் போன்ற வடிவம் அதற்கு. 'தொண்டைப் புத்தர்' என்றே அதை அழைக்கிறார்கள்.

சாப்பாட்டு மேஜையில் ஒருவர் குச்சியிலிருந்து இன்னொருவர் குச்சிக்கு உணவை மாற்றுவது ஜப்பானில் பெரிய தவறாக இருப்பதற்குக் காரணம் இதுதான். அந்த அசைவு இந்த ஒரு நாளுக்கு மட்டுமே உரியது.

கேட்கும்போது மனம் பதறும். நேற்றுவரை பேசிக்கொண்டிருந்த அம்மாவின் எலும்பைப் பிள்ளைகள் எப்படி எடுப்பார்கள்? ஆனால் அந்த வேலையைச் செய்து முடித்தவர் மனதுக்கு, அம்மா இல்லை என்ற செய்தியைக் கைகளே கொண்டு போய்ச் சேர்த்துவிடுகின்றன. குழந்தையாக இருந்தபோது தன்னைத் தூக்கியவரை இன்று இவர் தூக்குகிறார். அதுவும் தனியாக இல்லை. எதிரே அண்ணனோ தங்கையோ இன்னொரு முனையைப் பிடித்திருக்கிறார்.

இந்தச் சடங்கு எவ்வளவு ஆழமானது என்பதை 2011 காட்டியது. அந்த ஆண்டு மியாகி மாகாணத்தில் தகன மேடைகள் போதவில்லை. வேறு வழியில்லாமல் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்ட உடல்களைத் தற்காலிகமாக மண்ணில் புதைத்தார்கள். குடும்பங்களால் அதைத் தாங்க முடியவில்லை. அடுத்த சில மாதங்களில் அந்த உடல்களை மறுபடி தோண்டி எடுத்து, தகனம் செய்து, எலும்பு பொறுக்கிக் கலசத்தோடு வீட்டுக்குக் கொண்டு வந்த பிறகுதான் அவர்களுக்கு மூச்சு வந்தது.

நாள்களின் கணக்கு

கலசம் வீட்டுக்கு வந்ததும் கணக்குத் தொடங்குகிறது. ஏழு நாளுக்கு ஒருமுறை பூஜை. ஒவ்வொரு வாரமும் இறந்தவர் மறு உலகில் ஒரு நீதிபதியின் முன்னால் நிற்கிறார் என்பது நம்பிக்கை. 35-ம் நாள் விசாரிப்பவரின் பெயர் என்மா. வேறு யாருமில்லை, நம் எமன்தான். பௌத்தத்தோடு இந்தியாவிலிருந்து கிளம்பி, சீனா வழியாக ஜப்பானுக்குப் போய்ச் சேர்ந்தவர்.

49-ம் நாள் தீர்ப்பு. அதுவரை அந்த உயிர் இங்கும் இல்லாமல் அங்கும் இல்லாமல் நடுவில் நிற்கிறது. வீட்டில் இருப்பவர்களின் நிலையும் அதுதானே? அன்றைய சடங்குக்குப் பிறகு அஸ்திக் கலசம் பெரும்பாலும் குடும்பக் கல்லறைக்குப் போகிறது. தற்காலிகமான வெள்ளை மரப் பலகைக்குப் பதிலாக, இறந்தவரின் பெயர் பொறித்த அரக்குப் பூசிய பலகை வீட்டு மாடத்துக்கு வருகிறது. அதில் இருப்பது, இறந்த பிறகு புரோகிதர் சூட்டிய புதுப் பெயர்.

நூறாவது நாளுக்கு ஓர் அழகான பெயர் உண்டு: சொட்சுகொக்குகி. 'அழுகை முடியும் நாள்' என்று பொருள். இத்தனை நாள் நேரம் காலம் இல்லாமல் அழுதாயிற்று, இனி அழுகை ஒரு கட்டுக்குள் வரட்டும் என்று குடும்பம் தனக்குத்தானே சொல்லிக்கொள்ளும் நாள்.

அழுகை முடியலாம். கணக்கு முடிவதில்லை. முதலாண்டு நினைவு நாள், பிறகு மூன்றாவது, ஏழாவது, பதிமூன்றாவது, பதினேழாவது என்று நீண்டு, பொதுவாக முப்பத்து மூன்றாவதில் நிறைவடைகிறது. இறந்த ஆண்டையும் சேர்த்து எண்ணுவது அவர்கள் வழக்கம். ஆரம்பத்தில் வாரத்துக்கு ஒருமுறை, பிறகு ஆண்டுக்கு ஒருமுறை, பிறகு பல ஆண்டுகளுக்கு ஒருமுறை என்று இடைவெளி கூடிக்கொண்டே போகிறது. துக்கம் குறையும் விதமும் அப்படித்தான் என்று அறிந்த யாரோ போட்ட கணக்கு போலிருக்கிறது.

இறப்பு நேர்ந்த ஆண்டு, அந்த வீட்டிலிருந்து புத்தாண்டு வாழ்த்து அட்டை போகாது. 'துக்கத்தில் இருக்கிறோம், வாழ்த்துச் சொல்ல இயலாது' என்று டிசம்பர் தொடங்குவதற்குள்ளேயே ஓர் அட்டை எல்லோருக்கும் போய்விடும். கிடைத்தவர்கள் புரிந்துகொண்டு, அந்த வீட்டுக்கு வாழ்த்து அனுப்ப மாட்டார்கள்.

இந்தக் கணக்கில் அநியாயமும் உண்டு. மெய்ஜி அரசு 1874-ல் யாருக்கு எத்தனை நாள் துக்கம் என்று ஆணையே போட்டது. கணவன் இறந்தால் மனைவிக்கு 13 மாதம். மனைவி இறந்தால் கணவனுக்கு 90 நாள்! இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அந்த ஆணை ஒழிந்தது. ஆனால் மனைவியை இழந்தவர்களுக்குத் தொண்ணூறு நாளில் துக்கம் முடிந்திருக்குமா என்று அந்த வீடுகளைத்தான் கேட்க வேண்டும்.

கணக்குக்கு அடங்காத துக்கம்

சடங்கு எல்லோரையும் ஆற்றிவிடும் என்று சொன்னால் அது பொய். பெற்றவர்கள் இருக்கும்போது பிள்ளை போனால் எந்தக் கணக்கும் உதவாது.

ஹைக்கூ கவிஞர் கொபயாஷி இஸ்ஸாவின் வாழ்க்கை அதற்குச் சாட்சி. ஐம்பது வயதுக்கு மேல் திருமணம். முதல் குழந்தை பிறந்த ஒரு மாதத்துக்குள் போய்விட்டது. அடுத்துப் பிறந்த மகள் சாத்தோ. 1819-ல் அவளையும் பெரியம்மை கொண்டுபோனது. அதற்குப் பிறகு இரண்டு மகன்கள்; இரண்டு பேரும் தங்கவில்லை. 1823-ல் மனைவியும் இறந்தார்.

இஸ்ஸா ஆழ்ந்த பௌத்த நம்பிக்கை உள்ளவர். உலகம் நிலையில்லாதது என்பது அவர் அறியாதது அல்ல. ஆனால், அதை அறிந்திருப்பது மகளை இழந்த மனதுக்குப் போதவில்லை என்பதை ஒளிக்காமல் எழுதினார். 'என் வசந்தம்' என்ற அவருடைய நூலில் சாத்தோவின் சிரிப்பும் விளையாட்டும் வருகின்றன. அவள் சாவும் வருகிறது. இருநூறு ஆண்டுகள் கழித்தும் அதைப் படிக்கும் ஜப்பானியர்கள் கண்கலங்குகிறார்கள். ஆறுதல் சொல்லாத எழுத்து சில சமயம் பெரிய ஆறுதல்.

இறந்த குழந்தைகளுக்காக ஜிஸோ என்ற போதிசத்துவர் இருக்கிறார். மொட்டைத் தலையும் சாந்தமான முகமுமாக, பாதையோரங்களிலும் கோயில்களிலும் நிற்கும் சிறிய கல் சிலைகள். அவற்றின் கழுத்தில் குழந்தைகளுக்குக் கட்டுவது போன்ற சிவப்புத் துணி. மறு உலக ஆற்றங்கரையில் கூழாங்கற்களை அடுக்கிக்கொண்டு தனியாக இருக்கும் குழந்தைகளைத் தன் அங்கிக்குள் அணைத்துக்கொள்பவர் இவர் என்று நம்புகிறார்கள். குளிர்காலத்தில் அந்தக் கல்லுக்குக் கம்பளித் தொப்பி பின்னிப் போடும் அம்மாக்கள் உண்டு. தொப்பி பின்னும் கைகளுக்கு அது கல் இல்லை.

காலைச் சோறு

பழைய வீடுகளில் புட்சுதான் என்ற மாடம் இருக்கும். கதவு வைத்த அலமாரி போன்றது. உள்ளே புத்தர், அருகே இறந்தவர்களின் பெயர்ப் பலகைகள். காலையில் சோறு வெந்ததும் முதல் கிண்ணம் அங்கேதான் போகும். தேநீர் வைத்து, சிறு மணியைத் தட்டி, கைகூப்பி, அன்றைய செய்தியைச் சொல்வார்கள். பேரன் பரீட்சையில் தேறினால் மதிப்பெண் பட்டியல் முதலில் அந்த மாடத்துக்குப் போகும். யாராவது இனிப்புப் பெட்டி கொண்டு வந்தால் அதுவும் அப்படியே.

ஆகஸ்ட் நடுவில் (சில ஊர்களில் ஜூலையில்) வரும் ஓபோன் நாள்களில் இறந்தவர்களே வீட்டுக்கு வருவார்கள். வாசலில் தீ மூட்டி வழிகாட்டுவார்கள். வெள்ளரிக்காய்க்குக் குச்சிகளால் கால் வைத்துக் குதிரை, கத்தரிக்காய்க்குக் கால் வைத்து மாடு. சீக்கிரம் வந்து சேரக் குதிரை. திரும்பிப் போகும்போது மெதுவாகப் போகட்டும் என்று மாடு. இன்னும் கொஞ்சம் இருந்துவிட்டுப் போயேன் என்று சொல்ல ஒரு கத்தரிக்காய் போதுமாயிருக்கிறது.

மேற்கத்திய மனவியல் வெகுகாலம் இதற்கு நேர்மாறாகச் சொல்லிவந்தது. 1917-ல் வெளியான புகழ்பெற்ற கட்டுரை ஒன்றில் சிக்மண்ட் ஃபிராய்ட், இறந்தவரிடமிருந்து மனதைக் கொஞ்சம் கொஞ்சமாக விடுவித்துக்கொள்வதே துக்கத்தின் வேலை என்றார். ஆனால், டோக்கியோவில் சாலை விபத்தில் கணவரை இழந்த 20 பெண்களைச் சந்தித்த மனநல மருத்துவர்கள் 1969-ல் வேறொன்றை எழுதினார்கள். அந்தப் பெண்களில் பெரும்பாலோர் கணவர் இன்னும் அருகில் இருப்பதாக உணர்ந்தார்கள். அது நோயாகத் தெரியவில்லை. வீட்டு மாடத்தின் முன்னால் தினமும் அவரோடு பேச முடிந்தது அவர்களுக்குத் துணையாக இருந்தது என்றே மருத்துவர்கள் கருதினார்கள். பிற்பாடு மேற்கிலும், உறவை அறுப்பதைவிட வேறு வடிவில் தொடர்வது இயல்பானதுதான் என்ற கருத்து வலுப்பெற்றது.

இணைப்பு இல்லாத தொலைபேசி

இப்போது ஜப்பான் மாறிவிட்டது. அடுக்குமாடி வீடுகளில் மாடத்துக்கு இடமில்லை. ஆண்டுக்கு 15 லட்சம் பேருக்கு மேல் இறக்கும் நாட்டில், முப்பத்து மூன்று ஆண்டுகள் நினைவு நாள் செய்யப் பிள்ளைகள் இல்லாத வீடுகள் பெருகிவிட்டன. சடங்குகளைச் சுருக்கி ஒரே நாளில் முடித்துக்கொள்பவர்கள் அதிகம். ஆனால் பேச வேண்டும் என்ற தவிப்பு சுருங்கவில்லை.

காமாய்ஷிக்கு வடக்கே ஓட்சுச்சி என்ற சிறிய ஊர். அங்கே குன்றின் மேல் வசிக்கும் தோட்டக் கலைஞர் சசாகி இதாரு, புற்றுநோயில் தன் உறவுக்காரச் சகோதரரை இழந்தார். அவரோடு பேசுவதற்காகத் தன் தோட்டத்தில் 2010-ல் வெள்ளைநிறத் தொலைபேசிக் கூண்டு ஒன்றை வைத்தார். உள்ளே எண்ணைச் சுழற்றும் பழைய கறுப்புத் தொலைபேசி. அதற்கு இணைப்பு எதுவும் கிடையாது. சொல்வதைக் காற்று கொண்டுபோய்ச் சேர்க்கட்டும் என்று அதற்குக் காற்றுத் தொலைபேசி எனப் பெயர் வைத்தார்.

அடுத்த ஆண்டே சுனாமி. ஓட்சுச்சியில் மட்டும் ஆயிரத்து இருநூறுக்கும் மேற்பட்டவர்கள் போனார்கள். மேயரும் அவர்களில் ஒருவர். பலருக்கு உடல் கிடைக்கவில்லை. உதட்டை நனைக்க முடியவில்லை; எலும்பு எடுக்க எலும்பு இல்லை. வீட்டோடு மாடமும் போய்விட்டது. கைகளுக்கு எந்த வேலையும் மிஞ்சவில்லை.

சசாகி தன் கூண்டை எல்லோருக்கும் திறந்துவிட்டார். அன்றிலிருந்து ஆயிரக்கணக்கானவர்கள் அந்தக் குன்றேறி வந்து, வெள்ளத்தில் போன தங்கள் வீட்டு எண்ணைச் சுழற்றிப் பேசியிருக்கிறார்கள். சிலர் ஒலிவாங்கியைக் காதில் வைத்துக்கொண்டு எதுவுமே சொல்லாமல் நிற்பதும் உண்டு.

சுனாமியில் இறந்தவர்களுக்குப் பதிமூன்றாவது நினைவு நாள் 2023-ல் முடிந்தது. அடுத்தது 2027. முப்பத்து மூன்றாவது 2043-ல் வரும். அன்று அந்த உயிர்கள் தனித்தனிப் பெயர்களை விட்டுக் குடும்பத்தின் முன்னோர்களோடு கலந்துவிடும் என்பது நம்பிக்கை. 2011-ல் பத்து வயதில் அம்மாவை இழந்த பிள்ளைக்கு அப்போது நாற்பத்திரண்டு வயது ஆகியிருக்கும்.

அதுவரை அம்மா அம்மாதான். காலையில் சோறு வெந்ததும் முதல் கிண்ணம் அவருக்கு.